செவ்வாயில் கிடைப்பதை வைத்தே செவ்வாயில் வாழ முடியுமா?

கேள்வி இதுதான்: வேறொரு கோளில் மனிதர்கள் போய்க் குடியேறினால், அங்கே இருக்கும் இயற்கை வளங்களை வைத்தே காலம் தள்ள முடியுமா, இல்லை மூச்சுக்காற்று முதல் எல்லாவற்றையும் பூமியிலிருந்தே அனுப்பிக்கொண்டிருக்க வேண்டுமா?

சுருக்கமாகச் சொன்னால், பாதி முடியும். எடை அதிகமான, அமைப்பில் எளிய பொருள்களை அங்கேயே எடுத்துக்கொள்ளலாம்: தண்ணீர், ஆக்சிஜன், ராக்கெட் எரிபொருள், சுவர். எடை குறைந்த, ஆனால் நுட்பமான பொருள்கள் வெகுகாலத்துக்கு இங்கிருந்துதான் போயாக வேண்டும். இரண்டுக்கும் நடுவே கோடு எங்கே போடுவது என்பது பெரும்பாலும் மின்சாரத்தைப் பொறுத்தது. இந்த விஷயத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பலர் "அங்கே இன்னின்ன இருக்கிறது" என்று பட்டியல் போட்டுவிட்டு நிறுத்திக்கொள்கிறார்கள். இருப்பதைத் தோண்டி, சூடாக்கி, பிரித்து, குளிரவைத்துச் சேமிக்க எவ்வளவு மின்சாரம் ஆகும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தால்தான் எது நடக்கும், எது நடக்காது என்பது தெரியும். அதனால் நான் கொஞ்சம் கணக்கோடுதான் பேசப் போகிறேன்.

முதலில் எந்தக் கோள் என்பதை முடித்துவிடலாம். வெள்ளியின் தரையில் வெப்பம் 460 டிகிரி செல்சியஸைத் தொடுகிறது, அழுத்தம் பூமியைப்போல் 90 மடங்கு. சுமார் 50 கிலோமீட்டர் உயரத்தில் அழுத்தமும் வெப்பமும் நமக்குத் தோதாக இருக்கின்றன என்பது உண்மை. ஆனால் அங்கே கால் வைக்கத் தரை இல்லை, சுற்றிலும் கந்தக அமில மேகம். வியாழனுக்கும் சனிக்கும் திடமான தரையே கிடையாது. மிஞ்சுவது செவ்வாய். நிலா கோள் இல்லை என்றாலும் இந்த வித்தைகளைப் பழகிப் பார்க்க அதுதான் பக்கத்தில் இருக்கும் இடம். நிலா மண்ணின் எடையில் 40 சதவீதத்துக்கு மேல் ஆக்சிஜன்தான், ஆனால் பாறையோடு இறுகக் கட்டுண்டு கிடக்கிறது. கார்பனும் நைட்ரஜனும் அங்கே மிகக் குறைவு. உயிர் வாழ்க்கைக்கு வேண்டிய தனிமங்கள் அனைத்தும் எடுக்கக்கூடிய வடிவில் ஒரே இடத்தில் இருப்பது செவ்வாயில்தான்.

சரி, காற்றிலிருந்து தொடங்குவோம். செவ்வாயின் வளிமண்டலம் மிக மெல்லியது. தரையில் அழுத்தம் நம்முடையதில் நூற்றில் ஒரு பங்குகூட இல்லை. ஆனால் இருக்கும் கொஞ்சத்தில் 95 சதவீதம் கார்பன் டை ஆக்சைடு. மிச்சத்தில் பெரும்பகுதி நைட்ரஜனும் ஆர்கானும். இந்தக் காற்றை நான் செவ்வாயின் மிக நல்ல வளம் என்று சொல்வேன். ஏனென்றால் எந்த மூலையில் இறங்கினாலும் அது கிடைக்கும். தேட வேண்டாம், தோண்ட வேண்டாம், ஒரு நல்ல பம்ப் இருந்தால் போதும்.

இதைச் செய்தும் காட்டிவிட்டார்கள். 2021 பிப்ரவரியில் ஜெசீரோ பள்ளத்தில் இறங்கிய பெர்சிவியரன்ஸ் ரோவருக்குள் (நாசாவின் தானியங்கி ஆய்வு வண்டி) மாக்ஸி என்ற 17 கிலோ எடையுள்ள பெட்டி ஒன்று இருந்தது. செவ்வாய்க் காற்றை உறிஞ்சி, அழுத்தி, 800 டிகிரிக்குச் சூடாக்கி, பீங்கான் மின்கலம் ஒன்றின் வழியே செலுத்தும். மின்சாரம் பாயும்போது கார்பன் டை ஆக்சைடிலிருந்து ஓர் ஆக்சிஜன் அணு பிரிந்து ஒரு பக்கமும், மிஞ்சிய கார்பன் மோனாக்சைடு மறுபக்கமும் வெளியே வரும். 2021 ஏப்ரல் 20 அன்று முதல் ஓட்டத்தில் ஐந்து கிராமுக்குச் சற்றுக் கூடுதலாக ஆக்சிஜன் கிடைத்தது. 2023 ஆகஸ்டில் வேலை முடிந்தபோது 16 ஓட்டங்களில் மொத்தம் 122 கிராம். உச்சத்தில் மணிக்கு 12 கிராம், தூய்மை 98 சதவீதத்துக்குக் குறையவில்லை.

122 கிராம் எவ்வளவு என்றால், ஒரு மனிதருக்கு ஒரு நாளைக்கு வேண்டிய ஆக்சிஜன் சுமார் 840 கிராம். அதாவது இரண்டு வருடத்துக்கும் மேலாகச் செய்த ஆக்சிஜனை ஒருவர் மூன்றரை மணி நேரத்தில் சுவாசித்துத் தீர்த்துவிடுவார். ஆனால் அளவு அங்கே முக்கியமில்லை. செவ்வாயின் காற்றழுத்தம் வருடம் முழுக்க ஒரே மாதிரி இருப்பதில்லை. குளிர்காலத் துருவத்தில் காற்றே உறைந்து படிவதால் பருவத்துக்குப் பருவம் கால் பங்கு அளவுக்கு ஏறி இறங்கும். பகலுக்கும் இரவுக்கும் வெப்பநிலை தலைகீழாக மாறும். எல்லா நிலையிலும் பெட்டி ஓடுமா என்பதுதான் கேள்வி. ஓடியது.

இதில் பலர் கவனிக்காத ஒன்று உண்டு. ஆக்சிஜனுக்கு மனிதர்கள் சின்ன வாடிக்கையாளர்கள். பெரிய வாடிக்கையாளர் ராக்கெட். நாசாவின் கணக்குப்படி நான்கு பேர் ஒரு வருடம் செவ்வாயில் சுவாசிக்கச் சுமார் ஒரு டன் ஆக்சிஜன் போதும். அதே நான்கு பேரைத் தரையிலிருந்து மேலே தூக்க 7 டன் எரிபொருளும், அதை எரிக்க 25 டன் ஆக்சிஜனும் வேண்டும். இந்த 25 டன்னையும் பூமியிலிருந்து சுமந்து போவதைவிட, ஒரு டன் எடையில் ஓர் ஆக்சிஜன் ஆலையை அனுப்பி அங்கேயே செய்துகொள்வது எவ்வளவோ மேல். ஆக, திரும்பி வருவதற்கான ஆலையைக் கட்டினாலே சுவாசம் இலவச இணைப்பாகக் கிடைத்துவிடுகிறது.

எரிபொருளையும் அங்கேயே செய்யலாம். கார்பன் டை ஆக்சைடையும் ஹைட்ரஜனையும் நிக்கல் போன்ற ஒரு வினையூக்கியின் மேல் சூடாகச் செலுத்தினால் மீத்தேனும் தண்ணீரும் வரும். இதைக் கண்டுபிடித்த பால் சபாட்டியே 1912-ல் நோபல் பரிசு வாங்கினார். நூறு வருடத்துக்கு மேல் பழகிய வேதியியல் இது. சர்வதேச விண்வெளி நிலையத்தில், விண்வெளி வீரர்கள் வெளிவிடும் கார்பன் டை ஆக்சைடிலிருந்து தண்ணீரை மீட்க இதே வினையைப் பயன்படுத்தியிருக்கிறார்கள். 1990-ல் ராபர்ட் ஜூப்ரின், டேவிட் பேக்கர் என்ற இரண்டு அமெரிக்கப் பொறியாளர்கள் ஒரு திட்டம் போட்டார்கள். பூமியிலிருந்து வெறும் 6 டன் ஹைட்ரஜனை மட்டும் கொண்டுபோய், செவ்வாய்க் காற்றோடு சேர்த்து 100 டன்னுக்கு மேல் மீத்தேனும் ஆக்சிஜனும் செய்துகொள்ளலாம் என்றார்கள். அந்த நாளில் செவ்வாயின் தரைக்கடியில் எங்கே, எவ்வளவு பனி இருக்கிறது என்று உறுதியாகத் தெரியாது. அதனால்தான் ஹைட்ரஜனைச் சுமக்கும் யோசனை. இன்று அதற்கு அவசியமில்லை, ஏனென்றால் தண்ணீரைக் கண்டுபிடித்துவிட்டோம்.

தண்ணீர் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். குடியிருப்பு எங்கே அமையும் என்பதையே தண்ணீர்தான் முடிவு செய்யப் போகிறது.

2008 மே மாதம் வட துருவத்துக்குப் பக்கத்தில், 68 டிகிரி அட்சரேகையில், ஃபீனிக்ஸ் என்ற தரையிறங்கி போய் உட்கார்ந்தது. அதன் கை சில சென்டிமீட்டர் தோண்டியதுமே வெள்ளையாக ஏதோ தட்டுப்பட்டது. நாலு நாளில் அந்த வெள்ளைத் துண்டுகள் காணாமல் போயின. உப்பாக இருந்தால் மறையாது. பனி என்பதால் நேராக ஆவியாகிப் போய்விட்டது. ஆனால் துருவப் பக்கம் யாரும் குடியேற விரும்ப மாட்டார்கள். குளிர் அதிகம், குளிர்காலத்தில் சூரியன் இல்லை. அப்புறம் 2016-ல், யூடோபியா சமவெளிக்கு அடியில் 80 முதல் 170 மீட்டர் தடிமனில் பனிப் படிவு பரந்து கிடப்பதாக, சுற்றுக்கலத்தின் ரேடார் தரவை வைத்துச் சொன்னார்கள். அதில் இருக்கும் தண்ணீர் வட அமெரிக்காவின் சுப்பீரியர் ஏரியின் அளவு. மேலே மூடியிருக்கும் மண் ஒன்று முதல் பத்து மீட்டர்வரைதான்.

எனக்கு மிகவும் பிடித்த சான்று 2021 டிசம்பர் 24-ல் கிடைத்தது. அன்றைக்கு அமேசானிஸ் சமவெளியில் ஒரு விண்கல் விழுந்தது. செவ்வாயில் இறங்கியிருந்த இன்சைட் கலத்தின் நில அதிர்வு மானி அதை 4 அளவுள்ள அதிர்வாகப் பதிவு செய்தது. பிறகு மேலிருந்து படமெடுத்துப் பார்த்தால் 150 மீட்டர் அகலத்தில் புதிய பள்ளம், சுற்றிலும் பாறாங்கல் அளவுக்குப் பனிக்கட்டிகள் சிதறிக் கிடக்கின்றன. அந்த இடம் 35 டிகிரி வட அட்சரேகை. அதுவரை நேரில் பார்த்த பனியில் நிலநடுக்கோட்டுக்கு மிக அருகில் இருந்தது இதுதான். நாம் செலவு செய்யாமலே இயற்கை ஒரு சோதனைக் குழி தோண்டிக் கொடுத்துவிட்டது!

சரி, பனி இருக்கிறது, எடுப்பது எப்படி? இதற்கும் பூமியில் ஒரு முன்மாதிரி உண்டு. 1960-களின் தொடக்கத்தில் கிரீன்லாந்தில் பனிக்கடியில் அமைத்த அமெரிக்க ராணுவ முகாமுக்காக ரோட்ரிகஸ் என்ற பொறியாளர் ஒரு கிணறு வடிவமைத்தார். பனியில் துளை போட்டு, அடியில் சூடான நீரை விட்டுக் குமிழ்போல ஒரு குழியை உருக்கி, அதில் தேங்கும் தண்ணீரைப் பம்ப் செய்வது, அதில் ஒரு பங்கைச் சூடாக்கித் திரும்ப உள்ளே விடுவது. தென் துருவத்தில் இருக்கும் அமுன்ட்சென்–ஸ்காட் நிலையம் இன்றும் இப்படித்தான் குடிநீர் எடுக்கிறது. செவ்வாயில் கூடுதலாக ஒரு சிக்கல்: அங்கே இருக்கும் காற்றழுத்தத்தில் தண்ணீர் உருகிய கையோடு கொதிக்க ஆரம்பித்துவிடும். அதனால் கிணற்றின் வாயை அடைத்து உள்ளே அழுத்தம் கொடுத்தாக வேண்டும். செய்ய முடியாததல்ல, ஆனால் இதுவரை அங்கே யாரும் செய்து பார்த்ததில்லை.

துளை போடுவதையும் லேசாக எடுத்துக்கொள்ளக் கூடாது. இன்சைட் கலத்தில் ஜெர்மன் விண்வெளி மையம் செய்த, ஆணி போன்ற ஒரு கருவி இருந்தது. தன்னைத்தானே அடித்து அடித்து ஐந்து மீட்டர் இறங்க வேண்டும் என்பது திட்டம். 2019 பிப்ரவரியில் தொடங்கினார்கள். மண் எதிர்பார்த்ததுபோல் உதிரியாக இல்லை. ஒட்டிப் பிடித்துக்கொண்டு, கருவியைச் சுற்றி வெற்றிடம் விட்டுவிட்டது. உராய்வு இல்லாததால் கருவி அடித்த அடிக்கெல்லாம் எகிறியதே தவிர இறங்கவில்லை. கலத்தின் கையால் தள்ளிப் பார்த்தார்கள், அமுக்கிப் பார்த்தார்கள். 40 சென்டிமீட்டர் நீளமுள்ள அந்தக் கருவியின் தலை மண்ணுக்குள் மறைந்ததோடு சரி. 2021 ஜனவரியில் கைவிட்டுவிட்டார்கள். பக்கத்தில் ஒரு மனிதர் கடப்பாரையோடு நின்றிருந்தால் பத்து நிமிட வேலை. செவ்வாயில் சுரங்கம் வைப்பதைப் பற்றிப் பேசும் எவரும் முதலில் படிக்க வேண்டியது இந்தக் கருவியின் கதையைத்தான்.

பனி இல்லாத நிலநடுக்கோட்டுப் பகுதியிலும் தண்ணீர் இல்லாமல் இல்லை. க்யூரியாசிட்டி ரோவர் அள்ளிச் சூடாக்கிய மண்ணில் எடையில் சுமார் 2 சதவீதம் தண்ணீர் வந்தது. ஆனால் அந்தத் தண்ணீருக்கு மண்ணை நூற்றுக்கணக்கான டிகிரிக்குச் சூடாக்க வேண்டும். ஒரு டன் மண்ணுக்கு 20 லிட்டர். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கணக்கில் திரும்ப வரும்.

கணக்கு இதுதான். ஸ்பேஸ்எக்ஸ் நிறுவனத்தின் ஸ்டார்ஷிப் போன்ற பெரிய கலம் ஒன்றின் தொட்டியில் மீத்தேனும் ஆக்சிஜனுமாகச் சேர்த்துச் சுமார் 1,200 டன் பிடிக்கும். அதில் மீத்தேன் 260 டன். அதைச் செய்ய ஏறத்தாழ 715 டன் கார்பன் டை ஆக்சைடும் 585 டன் தண்ணீரும் வேண்டும். பனிக்கிணற்றிலிருந்து எடுத்தால், அடுத்த பயண வாய்ப்பு வரும்வரையிலான 26 மாதத்துக்கு நாளொன்றுக்கு 750 லிட்டர், சின்ன வேலைதான். 2 சதவீத மண்ணிலிருந்து எடுத்தால் 29,000 டன் மண்ணை அள்ளி, வறுத்து, கொட்ட வேண்டும். பனி இருக்கும் இடத்தில்தான் குடியேற வேண்டும் என்பதற்கு இதற்கு மேல் காரணம் வேண்டியதில்லை.

இன்னொரு அழகான விஷயமும் இந்தக் கணக்கில் ஒளிந்திருக்கிறது. தண்ணீரும் கார்பன் டை ஆக்சைடும் மீத்தேனாக மாறும்போது, மீத்தேனின் எடையைப்போல் நான்கு மடங்கு ஆக்சிஜன் வெளியே வருகிறது. இன்ஜின் எரிப்பதோ சுமார் 3.6 மடங்குதான். ஒரு தொட்டி நிரப்பினால் 100 டன் ஆக்சிஜன் உபரி. 100 பேர் மூன்று வருடத்துக்கு மேல் சுவாசிக்க அது போதும்.

இப்போது மின்சாரம். தண்ணீரை மின்னாற்பகுத்து ஹைட்ரஜன் எடுப்பதுதான் பெரிய செலவு. காற்றை அமுக்குவது, வாயுக்களைக் குளிரவைத்துத் திரவமாக்குவது எல்லாம் சேர்த்தால் ஒரு தொட்டிக்குத் தோராயமாக 80 லட்சம் யூனிட் வருகிறது. பூமியிலிருந்து செவ்வாய்க்குக் கிளம்ப வசதியான நேரம் 26 மாதத்துக்கு ஒருமுறைதான் வாய்க்கும். ஒரு வாய்ப்புக்கும் அடுத்ததற்கும் இடையே தொட்டி நிரம்ப வேண்டுமானால், இரவு பகல் பாராமல் 400 கிலோவாட்டுக்கு மேல் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். ஒரே ஒரு கலத்துக்கு இவ்வளவு.

சூரிய ஒளி செவ்வாயில் பூமிக்குக் கிடைப்பதில் 43 சதவீதம். இரவு, குளிர்காலம், தூசி எல்லாவற்றையும் கழித்துப் பார்த்தால் இந்த 400 கிலோவாட்டுக்கு 10,000 சதுர மீட்டருக்கு மேல் சூரியத் தகடு விரிக்க வேண்டியிருக்கும். விரிப்பதுகூடப் பரவாயில்லை, தூசிதான் எமன். 14 வருடம் ஓடிய ஆப்பர்ச்சூனிட்டி ரோவரை 2018 ஜூனில் கோள் முழுவதையும் மூடிய தூசிப் புயல் சாய்த்தது. இன்சைட் கலத்தின் தகடுகளில் மெதுவாகப் படிந்த தூசியே 2022 டிசம்பரில் அதை முடித்துவைத்தது. ரோவர் தூங்கிப்போனால் ஆராய்ச்சி நிற்கும், அவ்வளவுதான். மனிதர்கள் இருக்கும் இடத்தில் இரண்டு மாதம் மின்சாரம் போனால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை.

அதனால் என் ஓட்டு அணு உலைக்கு. 2018-ல் அமெரிக்காவின் நெவாடாவில் கிரஸ்டி என்ற சிறிய உலையை 28 மணி நேரச் சோதனையில் முழுத் திறன்வரை ஓட்டிப் பார்த்தார்கள். அதன் அடிப்படையில் வரைந்த பெரிய வடிவம் 10 கிலோவாட் தரும். நம் கணக்குக்கு அப்படி நாற்பது வேண்டும், அல்லது இன்னும் பெரிய உலைகள் வேண்டும். உலைக்கு ஒரு துணை லாபமும் உண்டு. அதன் வெப்பத்தில் பெரும்பங்கு மின்சாரமாக மாறாமல் வெளியேறுகிறது. சராசரி வெப்பநிலை மைனஸ் 60 டிகிரி இருக்கும் ஊரில் அந்தக் கழிவு வெப்பம் வீணாகாது. பனிக்கிணற்றை உருக்கலாம், வீட்டைச் சூடாக வைக்கலாம்.

வீடு என்றதும் செங்கல் நினைவுக்கு வருகிறது. செவ்வாய் மண்ணைச் சூடே இல்லாமல் வெறுமனே பலமாக அழுத்தினாலே கட்டியாக இறுகுகிறது என்று கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் சான் டியேகோ ஆய்வாளர்கள் 2017-ல், மண்ணின் மாதிரியை வைத்துக் காட்டினார்கள். மண்ணில் இருக்கும் நுண்ணிய இரும்பு ஆக்சைடே பசையாக வேலை செய்கிறதாம். தண்ணீர் சேர்க்காத கந்தகக் கான்கிரீட் இன்னொரு வழி. கந்தகம் 120 டிகிரிக்குள் உருகிவிடும், ஆறினால் கல்லாக இறுகும். 2024 மே மாதம் க்யூரியாசிட்டி ஒரு கல்லின் மேல் சக்கரத்தை ஏற்றி உடைத்தபோது உள்ளே மஞ்சள் மஞ்சளாகச் சுத்தமான கந்தகப் படிகங்கள் இருந்தன. இந்திய அறிவியல் கழகத்தில் பாக்டீரியா, யூரியா, கொத்தவரை வகை விதையிலிருந்து எடுக்கும் பசை ஆகியவற்றை மண்மாதிரியில் கலந்து செங்கல் வளர்த்திருக்கிறார்கள்.

எல்லாம் நல்ல ஆராய்ச்சிதான். ஆனால் செங்கல் வீடு செவ்வாயில் நிற்குமா என்று பார்க்கும்போது நம் உள்ளுணர்வு ஏமாற்றும். பூமியில் சுவரின் கவலை மேலிருந்து வரும் எடை. செவ்வாயில் கவலை உள்ளிருந்து வெளியே தள்ளும் காற்று. வெளியே கிட்டத்தட்ட வெற்றிடம்; உள்ளே நமக்குப் பழகிய காற்றழுத்தம் வைத்தால் ஒவ்வொரு சதுர மீட்டர் கூரையையும் பத்து டன் விசை மேலே தூக்கும். மண்ணைக் கொட்டி அதைச் சமன் செய்யலாமா என்றால், ஈர்ப்பு விசை நம்முடையதில் 38 சதவீதம்தான் என்பதால் ஏறக்குறைய 18 மீட்டர் உயரத்துக்கு மண் கொட்ட வேண்டும். உள் அழுத்தத்தைப் பாதியாகக் குறைத்தாலும் 9 மீட்டர். செங்கல்லும் கான்கிரீட்டும் அமுக்கத்தைத் தாங்கும், இழுவிசையைத் தாங்காது. எனவே முதல் வீடுகள் பூமியிலிருந்து மடித்துக் கொண்டுபோய் ஊதிப் பெரிதாக்கும் காற்றுப் புகாத கூடாரங்களாகத்தான் இருக்கும். உள்ளூர் மண்ணின் வேலை அதற்கு மேல் போர்வையாகக் கிடப்பது.

அந்தப் போர்வை கட்டாயம் வேண்டும். க்யூரியாசிட்டி அளந்த கதிர்வீச்சு நாளொன்றுக்குச் சுமார் 0.67 மில்லிசீவர்ட். பூமியில் இயற்கையாக நமக்கு வருடம் முழுக்கக் கிடைப்பது சராசரியாக 2.4. அங்கே நாலு நாளில் அதைத் தாண்டிவிடும். இரண்டு மூன்று மீட்டர் மண் மேலே இருந்தால் பெரும்பகுதியைத் தடுத்துவிடலாம். இதற்குப் பெரிய தொழில்நுட்பம் ஒன்றும் வேண்டாம், மண்ணை அள்ளிப் பைகளில் கட்டி அடுக்கினால்கூடப் போதும். எரிமலைக் குழம்பு ஓடி வெற்றாகிப்போன குகைகள் இருந்தால் இன்னும் சுலபம். ஆர்சியா எரிமலையின் சரிவில் அப்படிப்பட்ட வாய்கள் தெரிகின்றன. ஆனால் அவை உயரமான, பனி அருகில் இல்லாத இடங்கள். பனியா குகையா என்றால் நான் பனியைத்தான் தேர்ந்தெடுப்பேன். குகையை மண்ணைக் குவித்து ஈடுகட்டலாம், பனியை எதை வைத்தும் ஈடுகட்ட முடியாது.

உணவு விஷயத்தில் நான் சொல்வது சிலருக்கு ஏமாற்றமாக இருக்கும். ஆரம்ப காலத்தில் செவ்வாயில் விவசாயம் செய்யாமல் இருப்பதே லாபம். கணக்கைப் பாருங்கள். ஒருவருக்கு வேண்டிய உலர்ந்த உணவு வருடத்துக்குக் கால் டன் அளவுதான். தண்ணீரை அங்கே சேர்த்துக்கொள்ளலாம். அதே உணவை விளைவிக்க ஒருவருக்கு 40, 50 சதுர மீட்டர் பயிர்ப்பரப்பு வேண்டும். அங்கே கிடைக்கும் மங்கலான சூரிய ஒளி போதாது, கண்ணாடிக் கூரை அழுத்தத்தையும் கதிர்வீச்சையும் தாங்காது, ஆகவே மண்ணுக்கடியில் எல்இடி விளக்குதான். விளக்குக்கு மட்டும் ஓர் ஆளுக்குப் பத்துக் கிலோவாட்டுக்கு மேல் போகும். ஒருவர் சாப்பிட ஓர் உலை! கீரையும் காய்களும் கொஞ்சம் வளர்க்கலாம், வளர்க்கவும் வேண்டும், ஏனென்றால் வைட்டமின் சி போன்றவை வருடக்கணக்கில் அடைத்துவைத்த உணவில் சிதைந்துவிடும். தானியத்தை மட்டும் கப்பலிலேயே அனுப்புங்கள். மின்சாரம் தாராளமான பிறகு வயலைப் பற்றி யோசிக்கலாம்.

மண்ணிலும் ஒரு வில்லங்கம் இருக்கிறது. ஃபீனிக்ஸ் தோண்டிய மண்ணில் எடையில் அரை சதவீதம் அளவுக்குப் பெர்குளோரேட் உப்பு இருந்தது. அது உடலில் சேர்ந்தால் தைராய்டு சுரப்பிக்கு அயோடின் போவதைத் தடுக்கும். நல்ல வேளையாக அது தண்ணீரில் நன்றாகக் கரையும். மண்ணைக் கழுவி எடுத்துவிடலாம், அதைச் சிதைத்து வாழும் பாக்டீரியாக்களும் உண்டு. செவ்வாய் மண் போன்ற கலவையில் தக்காளி விளைந்தது, மண்புழு குட்டி போட்டது என்று செய்தி வரும்போது, அந்தக் கலவையில் பெர்குளோரேட் இருந்ததா என்று ஒரு நிமிடம் பார்த்துவிடுங்கள். பெரும்பாலும் இருக்காது.

மூடிய அமைப்பில் எதிர்பாராதது எதிர்பாராத இடத்திலிருந்துதான் வரும் என்பதற்கு அமெரிக்காவின் அரிசோனாவில் கண்ணாடிக் கட்டடத்துக்குள் அமைத்த சோதனை உலகமான பயோஸ்பியர் 2 ஒரு நல்ல பாடம். 1991 செப்டம்பரில் எட்டுப் பேர் உள்ளே போய்க் கதவை அடைத்துக்கொண்டார்கள். பதினாறு மாதத்தில் உள்ளே ஆக்சிஜன் 20.9 சதவீதத்திலிருந்து 14.5-க்கு இறங்கிவிட்டது, வெளியிலிருந்து ஏற்ற வேண்டியதாயிற்று. காரணம், வளமான மண்ணில் இருந்த நுண்ணுயிர்கள் ஆக்சிஜனை எடுத்துக் கார்பன் டை ஆக்சைடாக விட்டன. அதைச் செடிகள் திருப்பித் தந்திருக்க வேண்டும். ஆனால் கட்டடத்தின் கான்கிரீட் அதைக் குடித்துவிட்டது. யாரும் சுவரைச் சந்தேகப்படவில்லை.

நைட்ரஜனைப் பற்றி இரண்டு வரி. சுத்த ஆக்சிஜனில் வாழ்வது தீ விபத்தை அழைப்பதுபோல, அதனால் காற்றில் கலக்க ஒரு மந்த வாயு வேண்டும். செடிக்கும் நைட்ரஜன் வேண்டும். ஆக்சிஜன் ஆலையில் கார்பன் டை ஆக்சைடைப் பிரித்த பிறகு மிஞ்சுவதே நைட்ரஜனும் ஆர்கானும்தான். வெளியே விடாமல் சேர்த்துவைத்தால் போதும். இரும்பும் இப்படித்தான்: செவ்வாய் சிவப்பாக இருப்பதே இரும்பு ஆக்சைடால். மாக்ஸி போன்ற ஆலை வீணாக வெளியேற்றும் கார்பன் மோனாக்சைடு, ஆக்சைடிலிருந்து இரும்பைப் பிரிக்கப் பயன்படும் அதே வாயு. கிட்டத்தட்ட சுத்தமான இரும்பு நிக்கல் விண்கல் ஒன்றை ஆப்பர்ச்சூனிட்டி 2005 ஜனவரியில் தரையிலேயே பார்த்தது. ஆனால் முதல் இருபது முப்பது வருடத்துக்கு, இறங்கிய கலங்களின் உடலை வெட்டி எடுத்துக்கொள்வதே இரும்பு உருக்குவதைவிட மலிவாக இருக்கும்.

எல்லா வளத்திலும் மலிவானது, ஏற்கெனவே கையில் இருக்கும் தண்ணீர். சர்வதேச விண்வெளி நிலையத்தில் சிறுநீர், வியர்வை, மூச்சின் ஈரம் எல்லாவற்றையும் சேர்த்து 98 சதவீதத் தண்ணீரை மீட்க முடியும் என்று 2023-ல் காட்டிவிட்டார்கள். ஆனால் அந்த நிலையத்துக்குச் சில மாதங்களுக்கு ஒருமுறை சரக்குக் கலம் போகிறது. வடிகட்டி அடைத்தால், பம்ப் பழுதானால், புதிது வரும். செவ்வாய்க்கு வழியிலேயே ஆறு முதல் ஒன்பது மாதம் ஆகிவிடும், அடுத்த வாய்ப்போ 26 மாதம் கழித்து.

கேள்வியின் மறுபாதிக்கு விடை இங்கேதான் இருக்கிறது. சிப், மருந்து, ஆக்சிஜன் ஆலையின் பீங்கான் மின்கலம், வினையூக்கி, பால் பேரிங், கதவின் ரப்பர் வளையம் இவற்றில் எதையும் செவ்வாயில் செய்ய இன்றைக்கு ஒரு வழியும் கண்ணில் படவில்லை. எடையில் இவை எல்லாம் சேர்ந்து குடியிருப்பின் மிகச் சிறிய பங்கு. ஆனால் ஒரு சிப் செய்யும் தொழிற்சாலைக்குப் பின்னால் பூமியில் ஆயிரக்கணக்கான தொழிற்சாலைகள் நிற்கின்றன. சில ஆயிரம் பேர் கொண்ட ஊரால் அந்தச் சங்கிலியை நகலெடுக்க முடியாது. முழுத் தன்னிறைவு இன்ன வருடத்தில் வந்துவிடும் என்று யாராவது தேதி சொன்னால், ரப்பர் வளையத்துக்கு என்ன ஏற்பாடு என்று கேட்டுப் பாருங்கள்.

சட்டப் பக்கமும் ஒரு முடிச்சு உண்டு. 1967-ன் விண்வெளி ஒப்பந்தம் எந்த நாடும் வேறு கோளைச் சொந்தம் கொண்டாடக் கூடாது என்கிறது. தோண்டி எடுத்த பொருள் யாருக்குச் சொந்தம் என்பதைத் தெளிவாகச் சொல்லவில்லை. அமெரிக்கா முன்னெடுத்து 2020-ல் வந்த ஆர்ட்டெமிஸ் உடன்பாடு, வளத்தை எடுப்பது மட்டுமே கோளைச் சொந்தமாக்குவதாகாது என்கிறது. ரஷ்யாவும் சீனாவும் அதில் கையெழுத்திடவில்லை. இதைவிடக் கடினமானது உயிர்க் கலப்பு பற்றிய விதி. தண்ணீர் இருக்கும் இடத்தில்தான் செவ்வாயின் சொந்த உயிர், இருந்தால், இருக்கும். பூமியின் நுண்ணுயிர் போய்ப் பெருகவும் தோதான இடம் அதுவே. நாம் கிணறு வெட்டத் துடிக்கும் இடமும், விஞ்ஞானிகள் யாரும் தொட வேண்டாம் என்று கேட்கும் இடமும் பல நேரம் ஒன்றாகிவிடும். கலத்தைச் சுட்டுச் சுத்தம் செய்து அனுப்பலாம், 1976-ல் இறங்கிய வைக்கிங் கலங்களை அப்படித்தான் அனுப்பினார்கள். மனிதரைச் சுட்டுச் சுத்தம் செய்ய முடியாது. கிணறு வெட்டும் முன் அந்தப் பனியை ஒரு இயந்திரம் நன்றாகச் சோதித்துவிட வேண்டும் என்பது என் கருத்து.

அதனால் வரிசை எப்படி இருக்க வேண்டும் என்று கேட்டால், முதல் வாய்ப்பில் ஆள் போகக் கூடாது. 35 முதல் 45 டிகிரி வட அட்சரேகைக்குள், தாழ்வான, பனி ஆழமில்லாத ஓரிடத்துக்குத் துளையிடும் கருவியும் பனியைச் சோதிக்கும் கருவியும் போகட்டும். இரண்டாவது வாய்ப்பில் உலை, கிணறு, ஆக்சிஜன், மீத்தேன் ஆலைகள், இரண்டு முழு வாய்ப்புகளுக்குத் தேவையான உதிரி பாகங்கள். திரும்பி வருவதற்கான தொட்டி நிரம்பிவிட்டது என்று அங்கிருந்து அளவு வந்த பிறகுதான் மூன்றாவதில் மனிதர்கள் ஏற வேண்டும். அப்படி ஏறினாலும், முதல் வாய்ப்பிலிருந்து நான்கு வருடத்துக்கு மேல் ஓடியிருக்கும்.